ராஜியில் முடியும் வழக்கு: டெல்டா மக்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை பக்கம் முன்சீப் கோர்ட், சப் கோர்ட் வாசலில் நிற்கிற பலருக்கு எதிர்க்கட்சி அந்நியர் இல்லை. பங்காளி, மச்சான், அடுத்த வயல்காரர், அப்பா காலத்திலிருந்து குத்தகைக்கு உழுகிறவர். வழக்கு முடிந்த பிறகும் இருவரும் ஒரே வாய்க்காலில்தான் தண்ணீர் வைக்க வேண்டும். அதனால் ராஜியாக, அதாவது இரு தரப்பும் ஒத்துக்கொண்டு, பேசி முடிக்க நினைப்பது நல்ல விஷயம். ஆனால் பேசி முடித்ததைக் கோர்ட்டில் பதிய வைக்காமல் விட்டுவிட்டு, சில வருடம் கழித்து மறுபடி முதல் வாய்தாவிலிருந்து தொடங்குகிற குடும்பங்கள் நிறைய. அந்த நிலை யாருக்கும் வரக்கூடாது என்பதற்காகவே இந்தப் பதில்கள். உங்கள் வழக்கின் விவரத்தைப் பொறுத்துச் சில விஷயங்கள் மாறும்; கையெழுத்துப் போடும் முன் உங்கள் வக்கீலிடம் ஒருமுறை காட்டிவிடுங்கள்.

வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தால் ராஜி பேசலாம்?

எந்தக் கட்டத்திலும் பேசலாம். சம்மன் வந்த மறுநாளும் முடிக்கலாம், சாட்சி விசாரணை நடக்கும்போதும் முடிக்கலாம், தீர்ப்புக்கு ஒத்திவைத்த பிறகும் முடிக்கலாம். அப்பீலில் இருந்தாலும் தடை இல்லை. வழக்கில் ஒரு பகுதியை மட்டும் முடித்துக்கொண்டு மீதியை நடத்துவதற்கும் சட்டத்தில் இடம் உண்டு. உதாரணமாக, வீட்டு மனை பற்றி ஒத்துப்போய்விட்டது, நஞ்சை பற்றி ஒத்துப்போகவில்லை என்றால் மனைக்கு மட்டும் ராஜி எழுதலாம்.

பேசி முடித்துவிட்டோம். வழக்கை வாபஸ் வாங்கிவிட்டால் போதாதா?

போதாது. இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலை மட்டும் படிக்க நேரம் இருந்தால் இதைப் படியுங்கள்.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளையில் இரண்டு வெவ்வேறு வழிகள் இருக்கின்றன. முதலாம் விதி வாபஸ் பற்றியது, மூன்றாம் விதி ராஜி பற்றியது. வாபஸ் வாங்கினால் வழக்கு போய்விடும். எதிர்க்கட்சி உங்களுக்கு என்ன தருவதாகச் சொன்னாரோ அது கோர்ட் ஆவணத்தில் எங்கும் இருக்காது. புதிதாக வழக்குப் போட அனுமதி கேட்டு வாங்காமல் வாபஸ் வாங்கியிருந்தால், அதே விஷயத்துக்காக மறுபடி வழக்குப் போட முடியாது. அனுமதி வாங்கியிருந்தாலும் காலவரையறைக் கணக்கு உங்களுக்காக நிற்காது. முதல் வழக்கே போடாதது போலத்தான் நாட்களை எண்ணுவார்கள்.

'கோர்ட்டுக்கு வெளியே பேசி முடித்துக்கொண்டோம்' என்று ஒரு வரி மெமோ போட்டு வழக்கைத் தள்ளுபடி செய்ய வைப்பதும் ஏறக்குறைய இதே கதிதான். அதை வைத்துக்கொண்டு நிறைவேற்று மனு, அதாவது சொன்னதைச் செய்ய வைக்கும்படி கோர்ட்டைக் கேட்கும் மனு, போட முடியாது. நிபந்தனைகளை எழுதி, மூன்றாம் விதியின்படி பதிவு செய்து, அதன்மேல் டிக்ரி, அதாவது கோர்ட்டின் தீர்ப்பாணை, வாங்கினால்தான் நாளைக்கு எதிர்க்கட்சி சொல் மாறினாலும் நேராக நிறைவேற்றக் கேட்கலாம்.

நம் ஆற்று வழக்கிலேயே இதற்கு உதாரணம் இருக்கிறது. காவிரித் தகராறை நடுவர் மன்றத்துக்கு அனுப்பக் கோரி தமிழ்நாடு 1971ல் உச்ச நீதிமன்றத்தில் வழக்குப் போட்டது. பேச்சுவார்த்தையில் தீர்த்துக்கொள்ளலாம் என்று 1972ல் அது வாபஸ் பெறப்பட்டது. அப்போது கையில் கையெழுத்தான ஒப்பந்தம் எதுவும் இல்லை. பேச்சு ஆண்டுக்கணக்கில் இழுத்தது. டெல்டா விவசாயிகள் சங்கம் ஒன்று 1983ல் உச்ச நீதிமன்றத்துக்குப் போக வேண்டியிருந்தது. அதில் 1990 மே மாதம் உத்தரவு வந்து, ஜூன் 2ஆம் தேதிதான் நடுவர் மன்றம் அமைந்தது. மாநிலங்களின் வழக்குக்கும் வரப்பு வழக்குக்கும் சட்டம் வேறு. ஆனால் பேச்சை நம்பி வழக்கைக் கைவிடுகிறவருக்கு நேரக்கூடியது இரண்டிலும் ஒன்றேதான்.

ராஜி மனுவில் என்னென்ன எழுத வேண்டும்?

சட்டம் கேட்பது மூன்று: ஒப்பந்தம் சட்டத்துக்கு உட்பட்டதாக இருக்க வேண்டும், எழுத்தில் இருக்க வேண்டும், கட்சிக்காரர்கள் கையெழுத்திட்டிருக்க வேண்டும். இதோடு நின்றுவிட்டால் மனு செல்லும், ஆனால் தகராறு தீராது. மீண்டும் சண்டை வருவதெல்லாம் எழுதாமல் விட்ட இடங்களில்தான்.

நிலத்தை முதலில் எடுத்துக்கொள்வோம். 'மேலண்டைப் பகுதி அண்ணனுக்கு, கீழண்டைப் பகுதி தம்பிக்கு' என்று எழுதுவது பேச்சுக்குச் சரி, டிக்ரிக்கு உதவாது. சர்வே எண், உட்பிரிவு, நான்கெல்லை, ஒவ்வொரு பக்கத்தின் அளவு, எல்லாம் வேண்டும். நம் பக்கம் மா, குழிக் கணக்கில் பேசுவோம். மனுவில் அதோடு ஏர்ஸ் அல்லது சென்ட் கணக்கையும் சேர்த்து எழுதுங்கள், தாலுகா அலுவலகத்தில் அதைத்தான் பார்ப்பார்கள். சர்வேயரை வைத்து அளந்து ஒரு வரைபடம் போட்டு, அதில் இரு தரப்பும் கையெழுத்திட்டு, மனுவோடு சேர்த்துவிடுவது நல்லது. டிக்ரியில் அந்த வரைபடமும் ஒரு பகுதி என்று மனுவிலேயே கேட்டுக்கொள்ளுங்கள்.

அடுத்தது தண்ணீர். பாகம் பிரிந்த பிறகு உள் வயலுக்கு மடை எங்கே? யார் வயல் வழியாக வாய்க்கால் வரும், அதன் அகலம் என்ன, தூர்வாரும் செலவு யாருடையது, முறைப்பாசனம் வந்தால் யாருக்கு எந்த நேரம்? உழவு டிராக்டரும் அறுவடை இயந்திரமும் எந்த வழியாகப் போகும்? மாடு போகிற அளவுக்கு வழி விட்டிருந்தது அந்தக் காலத்தில் போதுமானதாக இருந்தது. இப்போது அறுவடை இயந்திரம் திரும்ப இடம் இல்லை என்றால் அந்தப் பங்கு பயனற்றதாகிவிடும். இதை வலியுறுத்திக் கேளுங்கள். கேட்பதில் சங்கடம் எதுவும் இல்லை.

பம்பு செட் இருந்தால் இலவச மின் இணைப்பு யார் பெயரில் இருக்கிறது, யார் பெயருக்கு மாறும், ஆழ்குழாய்க் கிணறு பொதுவா தனியா, மோட்டார் பழுதானால் யார் செலவு என்று எழுதுங்கள். கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் பாக்கி இருந்தால் யார் கட்டுவது என்பதும் வேண்டும். வயலில் பயிர் நிற்கும்போது ராஜி எழுதினால், அந்தப் போகத்தை யார் அறுப்பது என்று கண்டிப்பாக எழுத வேண்டும். சம்பா கதிர் முற்றிய நேரத்தில் ராஜி போட்டுவிட்டு, அறுப்பு யாருக்கு என்பதில் அடிதடி வழக்கு வாங்குவது எவ்வளவு பெரிய வேதனை!

பணம் தருவதாக இருந்தால் 'அறுவடை முடிந்ததும் தருகிறேன்' என்று எழுத விடாதீர்கள். அறுவடை முடிந்தது எந்தத் தேதி என்று நிறைவேற்று மனுவில் யாரும் நிரூபிக்க முடியாது. காலண்டர் தேதி வேண்டும். தருகிறவர் விவசாயியாக இருந்தால், நேரடி கொள்முதல் நிலையத்தில் நெல் போட்டு, பணம் வங்கிக் கணக்குக்கு வருவதற்கு ஆகும் நாட்களையும் கணக்கிட்டு, சற்றுத் தள்ளியே தேதி வையுங்கள். கட்ட முடியாத தேதியைக் கட்டாயப்படுத்தி எழுதி வாங்குவதால் யாருக்கும் லாபம் இல்லை. தவணை என்றால், ஒரு தவணை தவறினால் மீதி முழுவதும் உடனே தர வேண்டும், வட்டி இவ்வளவு என்றும் சேருங்கள். பணம் வங்கி வழியாகவே போகட்டும்.

கடைசியாக, இரு தரப்புக்கும் இடையில் வேறு வழக்குகள் இருந்தால் ஒவ்வொன்றின் எண்ணையும் எழுதி, அவை எப்படி முடியும் என்று சொல்லுங்கள். வழக்கில் இல்லாத விஷயத்தையும் அதே கட்சிக்காரர்களுக்குள் என்றால் ராஜியில் சேர்க்கச் சட்டம் அனுமதிக்கிறது. ஒன்றை முடித்து ஒன்றை விட்டால் விட்டது வளரும்.

வக்கீல் கையெழுத்துப் போட்டால் போதுமா? எங்கள் அண்ணன் சிங்கப்பூரில் இருக்கிறார்.

வக்கீல் கையெழுத்துப் போட்ட ராஜிகளைச் சில தீர்ப்புகள் ஏற்றிருக்கின்றன. ஆனால் கட்சிக்காரரின் தெளிவான சம்மதம் இல்லாமல் வக்கீல் ராஜி செய்துவிட முடியாது என்பதை உச்ச நீதிமன்றம் அழுத்திச் சொல்லியிருக்கிறது. ஆகவே கட்சிக்காரரே கையெழுத்திடுவதுதான் பாதுகாப்பு. வெளிநாட்டில் இருப்பவர், ராஜி செய்யும் அதிகாரத்தைப் பெயர் சொல்லிக் குறிப்பிட்ட பவர் பத்திரத்தை அங்குள்ள இந்தியத் தூதரகத்தில் சான்றளித்து அனுப்பலாம். 'வழக்கு நடத்த அதிகாரம்' என்று மட்டும் இருக்கிற பவரை வைத்து ராஜி எழுதினால் பின்னால் கேள்வி வரும். எழுதப் படிக்கத் தெரியாதவர் கைநாட்டு வைத்தால், படித்துக்காட்டிப் புரிய வைத்தது யார் என்பதும் மனுவில் இருக்க வேண்டும்.

வெற்றுத்தாளில் கையெழுத்து யாருக்கும் கொடுக்காதீர்கள். சொந்த வக்கீல் குமாஸ்தா கேட்டாலும்.

இரண்டு பேரும் ஒத்துக்கொண்ட பிறகு நீதிபதி மறுக்க முடியுமா?

முடியும். ஒப்பந்தம் சட்டத்துக்கு உட்பட்டதுதானா என்று பார்ப்பது நீதிமன்றத்தின் கடமை. ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கிய ஒப்பந்தமும், சட்டம் தடுத்ததைச் செய்வதாகச் சொல்லும் ஒப்பந்தமும் பதிவாகாது.

டெல்டாவில் இது குறிப்பாக இரண்டு இடங்களில் வருகிறது. ஒன்று வாய்க்கால் புறம்போக்கு. இரண்டு வயல்காரர்கள் சேர்ந்து 'வாய்க்கால் கரையில் ஆளுக்குப் பாதி' என்று ராஜி எழுதினால் அது அரசை எந்த விதத்திலும் கட்டுப்படுத்தாது. தங்களுக்குச் சொந்தமில்லாததை இருவர் பங்கு போட முடியாது.

இன்னொன்று கோயில் நிலம், மடத்து நிலம். இந்தப் பகுதியில் அவை ஏராளம். 1959ஆம் ஆண்டு இந்து சமய அறநிலையச் சட்டத்தின் 34ஆம் பிரிவின்படி, கோயிலின் அசையாச் சொத்தை விற்கவோ அடமானம் வைக்கவோ மாற்றிக்கொள்ளவோ ஐந்து வருடத்துக்கு மேல் குத்தகைக்கு விடவோ ஆணையரின் அனுமதி வேண்டும். அது இல்லாவிட்டால் செல்லாது. வழக்கில் ராஜி என்ற பெயரில் அறங்காவலர் நிலத்தை விட்டுக்கொடுத்தாலும் விளைவு அதேதான். கோயில் நிலத்தில் குடியிருக்கிறீர்கள், உழுகிறீர்கள், ராஜி பேசுகிறார்கள் என்றால், துறையின் அனுமதி எண் கையில் வராமல் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

தம்பி மகன் மைனர். அவன் சார்பில் தம்பி மனைவி கையெழுத்துப் போட்டால் செல்லுமா?

கோர்ட்டின் அனுமதி வாங்கிப் போட்டால் செல்லும். மைனர் சார்பில் ராஜி செய்ய 32ஆம் கட்டளை 7ஆம் விதியின்படி தனியாக அனுமதி மனு போட வேண்டும். அந்த ராஜி மைனரின் நலனுக்கு உகந்தது என்று பிரமாணப் பத்திரமும், வக்கீல் இருந்தால் அவரது சான்றும் வேண்டும். அனுமதி வாங்காமல் செய்த ராஜியை மைனர் ரத்து செய்யக் கேட்கலாம். அப்போது உங்கள் பங்கும் சேர்ந்து ஆடும்.

அக்கா, தங்கையை வழக்கில் சேர்க்கவில்லை. நாங்கள் ஆண்பிள்ளைகள் மட்டும் ராஜி எழுதிக்கொள்ளலாமா?

எழுதிக்கொள்ளலாம், அது அவர்களைக் கட்டுப்படுத்தாது. வழக்கில் கட்சிக்காரராக இல்லாதவரின் உரிமையை மற்றவர்களின் ராஜி பறிக்க முடியாது. தமிழ்நாட்டில் மகள்களுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்தில் பங்கு 1989 சட்டத் திருத்தத்திலேயே வந்தது, அதற்கு முன் மணமானவர்களை அது விட்டுவிட்டது. 2005ல் நாடு முழுவதற்குமான மத்தியத் திருத்தம் அந்த வேறுபாட்டை நீக்கியது. 2020ல் உச்ச நீதிமன்றம், மகளின் உரிமை பிறப்பால் வருவது, 2005ல் தந்தை உயிரோடு இருந்தாரா என்பது பொருட்டல்ல என்று தெளிவாக்கிவிட்டது.

சீர் செய்தோம், நகை போட்டோம் என்பது பங்குக்கு ஈடாகாது. அவர்களையும் சேர்த்து உட்கார வைத்து, என்ன தருகிறீர்கள், அவர்கள் எதை விரும்பி விட்டுத்தருகிறார்கள் என்று அவர்கள் வாயாலேயே சொல்ல வைத்து எழுதுங்கள். சட்டத்துக்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. அவர்களுக்குச் சேர வேண்டியதைக் கொடுத்துவிட்டுத்தான் பேசி முடித்தோம் என்று சொல்ல முடியும்.

ராஜி டிக்ரியைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டுமா?

வழக்குச் சொத்தைப் பற்றி மட்டும், ஏற்கெனவே இருந்த உரிமையை ஒப்புக்கொள்ளும் ராஜி டிக்ரிக்குக் கட்டாயப் பதிவு இல்லை. வழக்கில் இல்லாத வேறு அசையாச் சொத்தையும் ராஜியில் சேர்த்திருந்தால் அதற்குப் பதிவு தேவை. பதிவுச் சட்டம் 17ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. பாகப்பிரிவினை வழக்கில் இறுதி டிக்ரியை முத்திரைத்தாளில் எழுதி வாங்கும் வேலையும் இருக்கிறது, அதைத் தள்ளிப்போடாதீர்கள்.

கட்டாயம் இல்லாத இடத்திலும் பதிந்துவிடுவதே நல்லது என்பது எங்கள் கருத்து. பதிந்தால்தான் வில்லங்கச் சான்றில் தெரியும். பேரன் காலத்தில் யாராவது அந்த நிலத்தை விற்க வந்தால் வாங்குபவர் கண்ணில் படும். பிறகு டிக்ரி நகலோடு உட்பிரிவுக்கும் பட்டா மாறுதலுக்கும் விண்ணப்பியுங்கள். டிக்ரி பெட்டியில், பட்டா செத்துப்போன தாத்தா பெயரில் என்று பல வீடுகளில் இருக்கிறது. அதை முடிக்காதவரை பயிர்க்கடனுக்கும் நிவாரணத்துக்கும் அலைய வேண்டியிருக்கும்.

டிக்ரி ஆன பிறகு எதிர்க்கட்சி சொன்னபடி செய்யவில்லை. புதிய வழக்கு போடணுமா?

வேண்டாம். அதே கோர்ட்டில் நிறைவேற்று மனு போடுங்கள். பணம், சுவாதீனம் போன்றவற்றுக்குப் பன்னிரண்டு வருடம் வரை நேரம் உண்டு. ஆனால் 'வழியில் கட்டிய சுவரை இடித்துத் தருகிறேன்' என்பது போல ஒரு செயலைச் செய்யச் சொல்லும் டிக்ரிக்கு மூன்றே வருடம்தான். சொந்தக்காரர்தானே, இடிப்பார் என்று காத்திருந்து மூன்று வருடத்தைத் தொலைத்துவிடாதீர்கள்.

டிக்ரிப் பணத்தை நேரில் கையில் கொடுத்துவிட்டேன். இப்போது மறுபடி கேட்கிறார்கள்.

டிக்ரிக்குப் பிறகு கோர்ட்டுக்கு வெளியே கொடுத்த பணத்தை, கொண்ட தீர்மானத்தை, அந்தக் கோர்ட்டில் பதிவு செய்ய வேண்டும். 21ஆம் கட்டளை 2ஆம் விதி. பதிவு செய்யாத கொடுக்கல் வாங்கலை நிறைவேற்றும் கோர்ட் கணக்கில் எடுக்காது. பணம் கொடுத்தவர் தானாகப் பதிவு செய்யக் கேட்க முப்பது நாள்தான் கெடு. ஆகவே அன்றே இருவரும் சேர்ந்து 'முழுவதும் பெற்றுக்கொண்டேன்' என்ற மெமோவைத் தாக்கல் செய்துவிடுங்கள்.

ஏமாற்றிக் கையெழுத்து வாங்கிவிட்டார்கள். அப்பீல் போகலாமா?

இருவரும் சம்மதித்து வந்த டிக்ரிமேல் சாதாரணமாக அப்பீல் கிடையாது. ராஜி சட்டப்படியானது அல்ல என்று சொல்லித் தனி வழக்கும் போட முடியாது. 23ஆம் கட்டளை 3ஏ விதி தடுக்கிறது. டிக்ரி கொடுத்த அதே கோர்ட்டுக்குப் போய், ஏமாற்று நடந்ததைச் சொல்லி மனு போட வேண்டும். தெரிந்தவுடனே போக வேண்டும். அந்த ராஜியின்படி பணத்தை வாங்கிச் செலவழித்துவிட்டு இரண்டு வருடம் கழித்துப் போனால் நம்புவது கடினம்.

கட்டிய கோர்ட் கட்டணம் திரும்பக் கிடைக்குமா?

கிடைக்கும். இது பலருக்குத் தெரிவதே இல்லை. தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 69ஏ பிரிவு, லோக் அதாலத், சமரச மையம் போன்ற வழிகளில் வழக்கு முடிந்தால் முழுக் கட்டணத்தையும் திருப்பித் தரச் சொல்கிறது. கோர்ட் அனுப்பாமல் தாங்களாகவே வெளியில் பேசி முடித்துக்கொண்டவர்களுக்கும் இது பொருந்தும் என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னதை, 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. கோர்ட் வேலைச்சுமையைக் குறைத்தவருக்குத் தண்டனை கூடாது என்பதுதான் அதன் நியாயம். ராஜி மனுவிலேயே கட்டணத்தைத் திருப்பித் தரும்படி ஒரு வரி கேட்டுவிடுங்கள்.

லோக் அதாலத்துக்கும் சமரச மையத்துக்கும் என்ன வித்தியாசம்?

சமரச மையத்தில் பயிற்சி பெற்ற ஒரு சமரசர் இரு தரப்போடும் பொறுமையாக உட்கார்ந்து பேசுவார். தனித்தனியாகவும் பேசுவார். அங்கே சொன்னதைப் பிறகு கோர்ட்டில் ஆதாரமாகக் காட்ட முடியாது. நாட்டிலேயே நீதிமன்றத்தோடு இணைந்த முதல் சமரச மையம் 2005 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றத்தில் தொடங்கியது. பிறகு மாவட்டங்களுக்கும் வந்தது. உறவு முறிந்த குடும்பச் சொத்து வழக்குகளுக்கு இதுவே ஏற்ற இடம் என்று தோன்றுகிறது, ஏனென்றால் மனக்குறையைச் சொல்ல அங்கே நேரம் கிடைக்கும்.

லோக் அதாலத் என்கிற மக்கள் நீதிமன்றம் வேகமானது. தொகை எவ்வளவு என்பது மட்டும்தான் பிரச்சினை என்ற வழக்குகளுக்கு, அதாவது வாகன விபத்து இழப்பீடு, வங்கிக் கடன், செக் வழக்கு இவற்றுக்குப் பொருந்தும். அங்கே ஒத்துக்கொண்டால் வரும் உத்தரவு சிவில் கோர்ட் டிக்ரிக்குச் சமம், அதன்மேல் அப்பீல் இல்லை. ஒத்துக்கொள்ளாவிட்டால் வழக்கு பழைய கோர்ட்டுக்கே திரும்பும், உங்களுக்கு எந்த நஷ்டமும் இல்லை. 'இன்றைக்கு முடிக்காவிட்டால் இனிமேல் கிடைக்காது' என்று யாராவது அவசரப்படுத்தினால் எழுந்து வந்துவிடலாம். விபத்தில் புருஷனை இழந்த பெண்கள் இப்படி அவசரத்தில் குறைந்த தொகைக்குத் தலையாட்டிவிடக் கூடாது.

ஊர்ப் பஞ்சாயத்தில் எழுதிய முச்சலிக்கை செல்லுமா? போலீஸ் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்தது?

பெரியவர்கள் உட்கார்ந்து நல்லபடியாகப் பேசி எழுதியது, இரு தரப்பும் மனம் ஒப்பிக் கையெழுத்திட்டது என்றால் அதற்கு ஓர் ஒப்பந்தத்தின் மதிப்பு உண்டு. டிக்ரியின் மதிப்பு இல்லை. வழக்கு நிலுவையில் இருந்தால் அந்த முச்சலிக்கையை அடிப்படையாக வைத்து ராஜி மனு தயாரித்துக் கோர்ட்டில் போடுங்கள். மிரட்டல், ஊர்விலக்கு, அபராதம் என்று போகும் கட்டப் பஞ்சாயத்து சட்டவிரோதம். 2011ல் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைக் கடுமையாகக் கண்டித்தது.

காவல் நிலையத்துக்கு நிலம் யாருக்குச் சொந்தம் என்று முடிவு செய்யும் அதிகாரம் இல்லை. அங்கே எழுதிக் கொடுத்ததை வைத்துப் பட்டா மாறாது.

குத்தகை பாக்கி வழக்கிலும் ராஜி உண்டா?

உண்டு. சாகுபடிக் குத்தகைதாரர் வழக்குகள் வருவாய் நீதிமன்றத்தில் நடக்கின்றன. 1955ஆம் ஆண்டு குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தில், பாக்கியைக் கட்ட அவகாசம் தரும் வழி ஏற்கெனவே இருக்கிறது. அதனால் தவணையில் கட்டுவதாகப் பேசி முடிப்பது சுலபம். பாக்கி மூட்டைக் கணக்கில் இருந்தால் மூட்டைக்கு எந்த வருட விலை என்று எழுதிக்கொள்ளுங்கள். உழுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை: 'கொஞ்சம் பணம் வாங்கிக்கொண்டு நிலத்தை ஒப்படைக்கிறேன்' என்று எழுதுவதற்கு முன், சட்ட உதவி வக்கீலிடம் காட்டுங்கள். அந்த ஒரு கையெழுத்தில் இரண்டு தலைமுறை உரிமை போய்விடும்.

செக் வழக்கை எப்போது முடித்தால் நல்லது?

சீக்கிரம். செக் வழக்கு எந்தக் கட்டத்திலும் சமாதானமாகக்கூடியது; ஆனால் தாமதத்துக்குச் செலவு உண்டு. 2010ல் உச்ச நீதிமன்றம் வகுத்த அளவை 2025 செப்டம்பரில் குறைத்து மாற்றியது. எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) தரப்புச் சாட்சியம் பதியும் முன் முடித்தால் கூடுதல் செலவு இல்லாமல் அனுமதிக்கலாம். அதற்குப் பிறகு தீர்ப்புக்கு முன் என்றால் செக் தொகையில் 5 சதவீதம், செஷன்ஸ் கோர்ட்டிலோ உயர் நீதிமன்றத்திலோ 7.5 சதவீதம், உச்ச நீதிமன்றத்தில் 10 சதவீதம். பணம் கைக்கு வரும் முன் வழக்கை முடிக்கச் சம்மதிக்காதீர்கள். தவணைக்கு ஒத்துக்கொண்டால் லோக் அதாலத் வழியாக எழுதி வாங்குங்கள். தவறினால் சிவில் டிக்ரி போலவே நிறைவேற்றலாம்.

வரப்புத் தகராறில் அடிதடி. இரண்டு பக்கமும் எஃப்.ஐ.ஆர். சமாதானமாகிவிட்டோம், வழக்கு தானாக முடிந்துவிடுமா?

தானாக முடியாது. குற்ற வழக்கை நடத்துவது அரசு. எந்தக் குற்றங்களில் பாதிக்கப்பட்டவர் சமாதானம் செய்துகொள்ளலாம் என்று 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 359ஆம் பிரிவில் பட்டியல் இருக்கிறது. சாதாரணக் காயம், வழிமறித்தல், அத்துமீறி நுழைதல், அவதூறு போன்றவற்றைப் பாதிக்கப்பட்டவரே முடித்துக்கொள்ளலாம். ஆயுதம் இல்லாமல் ஏற்படுத்திய கொடுங்காயம், மோசடி போன்றவற்றுக்குக் கோர்ட்டின் அனுமதி வேண்டும். முறைப்படி சமாதானம் பதிவானால் அது விடுதலைக்குச் சமம்.

அரிவாள், கம்பி போன்ற ஆயுதத்தால் காயம் என்று பிரிவு போட்டிருந்தால் கீழ்க்கோர்ட்டில் முடிக்க முடியாது. அதே சட்டத்தின் 528ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றம் போய் வழக்கை ரத்து செய்யக் கேட்க வேண்டும். இங்கே டெல்டா இரண்டாகப் பிரிகிறது: தஞ்சாவூர் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை, திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டங்களுக்குச் சென்னை. இருவர் தனிப்பட்ட தகராறுதான், சமூகத்தைப் பாதிக்காது என்று தெரிந்தால் நீதிமன்றம் ரத்து செய்யலாம். 2012ல் உச்ச நீதிமன்றம் வகுத்த வழி இது. கொலை, கொள்ளை, பாலியல் வன்கொடுமை போன்றவற்றுக்கு இந்த வழி இல்லை என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது.

வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கை ராஜி பேசச் சொல்லி ஊரில் நெருக்குகிறார்கள். என்ன செய்வது?

நெருக்கடிக்குப் பணிய வேண்டியதில்லை. பட்டியலினத்தவர், பழங்குடியினர் மீதான வன்கொடுமை வழக்கு சமாதானமாகக்கூடிய குற்றங்களின் பட்டியலில் இல்லை. குழந்தைகள் மீதான பாலியல் குற்றமும் அப்படித்தான். அதைச் சமாதானத்தின் பேரில் ரத்து செய்த உத்தரவு ஒன்றை 2024ல் உச்ச நீதிமன்றம் நீக்கியது. வேலை தரமாட்டோம், பாதையை அடைப்போம் என்று மிரட்டினால் அது தனிக் குற்றம். எழுத்தில் புகார் கொடுங்கள். இந்தப் பக்கம் முழுவதும் சமரசத்தை வேண்டுகிறது. ஆனால் ஒரு பக்கம் பயந்து கையெழுத்திடும் இடத்தில் சமரசம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

கணவன் மனைவி இருவரும் ஒத்துப் பிரிவதாக இருந்தால்?

இந்து திருமணச் சட்டம் 13பி பிரிவு. ஒரு வருடம் பிரிந்து இருந்திருக்க வேண்டும். மனு போட்ட பிறகு ஆறு மாதம் காத்திருக்க வேண்டும் என்ற விதியை, தகுந்த வழக்கில் நீதிமன்றம் தளர்த்தலாம் என்று 2017ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஜீவனாம்சம், நகை, பிள்ளைகளைப் பார்க்கும் நாட்கள் எல்லாம் மனுவிலேயே இருக்கட்டும்.

வக்கீல் வைக்கப் பணம் இல்லை. யாரிடம் கேட்பது?

உங்கள் கோர்ட் வளாகத்திலேயே வட்ட சட்டப் பணிகள் குழு இருக்கும். மாவட்டத் தலைநகரில் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கும். பெண்கள், குழந்தைகள், பட்டியலினத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு பார்ப்பார்கள். 15100 என்ற கட்டணமில்லா எண்ணில் கேட்கலாம். போகும்போது வழக்கு எண், கடைசி வாய்தா தேதி, பட்டா, பேசி எழுதிய தாள் ஏதும் இருந்தால் அதன் நகல் எடுத்துப் போங்கள். வழக்கு இன்னும் கோர்ட்டுக்குப் போகவில்லை என்றாலும் அங்கேயே எதிர்த் தரப்பை அழைத்துப் பேசும்படி மனு கொடுக்கலாம்.